எழுபது வளைவுகளும் லேப் டைமும்

(கொல்லிமலைக் குடும்பச் சுற்றுலாவின் முதல் நாள் மாலைக் கூட்டத்தில் நமது சங்கத்தின் மூத்த உறுப்பினர் ஒருவர் பேசியதன் எழுத்து வடிவம்)



கொல்லிமலைக்கு வந்திருக்கிறோம், வல்வில் ஓரியைப் பற்றிப் பேசுங்கள் என்றார் செயலாளர். ஓரியின் கதையை நாளை அறப்பளீஸ்வரர் கோயிலுக்குப் போகும் வழியில் சொல்கிறேன். இன்று நான் எடுத்துக்கொண்ட விஷயம், கார் ரேஸ் வீடியோ கேமில் லேப் டைமைக் குறைப்பது எப்படி என்பது. சிரிக்க வேண்டாம். ஓய்வு பெற்ற பிறகு பேரனோடு சேர்ந்து தினமும் ஒரு மணி நேரம் ஆடுகிறேன். பி.காம். படித்து, வங்கியில் கிளார்க்காக இருந்தவனுக்கு இது பிடித்துப்போனதற்குக் காரணம், இதுவும் ஒரு வரவு செலவுக் கணக்குதான்.

புதிதாக ஆடும் எல்லோரும் நினைப்பது, நேர்ப்பாதையில் ஆக்சிலரேட்டரை அழுத்தினால் நேரம் குறையும் என்று. நேர்ப்பாதையில் எல்லோரும்தான் முழுசாக அழுத்துகிறார்கள். வித்தியாசம் வருவது வளைவில். அங்கேயும் பிரேக்கைக் கடைசி நொடியில் பிடிப்பவன்தான் கெட்டிக்காரன் என்று ஒரு எண்ணம் உண்டு. கணக்குப் போட்டுப் பார்ப்போம்.

மணிக்கு 150 கிலோமீட்டர் வேகத்தில் வரும் கார், ஒரு வளைவில் 60-க்குக் குறைய வேண்டும். பிரேக்கை 5 மீட்டர் தள்ளிப் பிடித்தால் லாபம் எவ்வளவு? 5 மீட்டரை 60-ல் கடக்க 0.30 வினாடி, 150-ல் கடக்க 0.12 வினாடி. மிச்சம் 0.18 வினாடி. இப்போது அதே வளைவிலிருந்து நிதானமாக, சரியான கோணத்தில் வெளியே வருகிறோம். அடுத்த 500 மீட்டரில் சராசரி வேகம் 120-க்குப் பதில் 125 கிடைக்கிறது. 15 வினாடி ஆகிற தூரம் 14.4 வினாடியில் முடிந்துவிடும். மிச்சம் 0.6 வினாடி. மூன்று மடங்குக்கு மேல்! ஆகவே, மெதுவாக உள்ளே போ, வேகமாக வெளியே வா. லேப் டைமின் ரகசியம் இவ்வளவுதான்.

ஏன் இப்படி? டயரின் பிடிமானம் ஒரு சேமிப்புக் கணக்கு மாதிரி. இருப்பு ஒரு அளவுதான். அதை பிரேக்குக்கும் செலவழிக்கலாம், ஸ்டியரிங்கைத் திருப்பவும் செலவழிக்கலாம். மொத்தத்தையும் பிரேக்குக்கே கொடுத்துவிட்டுத் திருப்பினால், செக் திரும்பி வந்துவிடும். கார் நேராகப் புல்தரைக்குப் போகும். அதனால் நேராக இருக்கும்போதே வேகத்தைக் குறைத்து முடித்துவிட வேண்டும். திருப்பத் திருப்ப பிரேக்கை விட்டுக்கொண்டே வர வேண்டும். ஸ்டியரிங் நேராக ஆக ஆகத்தான் ஆக்சிலரேட்டரைக் கூட்ட வேண்டும்.

பயிற்சிக்கு நான் சொல்வது நான்கு. ஒன்று, ஒரே கார், ஒரே டிராக். தினம் ஒன்று மாற்றினால் எதுவும் படியாது. இரண்டு, முதலில் பாதையை விட்டு விலகாமல் பத்து லேப் முடியுங்கள். வேகம் பிறகு வரும். மூன்று, கேமில் லேப்பைப் பகுதி பகுதியாகப் பிரித்து நேரம் காட்டும். அதை நோட்டில் எழுதுங்கள். வங்கியில் கணக்கு டேலி ஆகாவிட்டால் எந்தப் பக்கத்தில் இடிக்கிறது என்று தேடுவோமே, அப்படித் தேடி ஒரு நாளைக்கு ஒரு வளைவை மட்டும் சரி செய்யுங்கள். நான்கு, உங்கள் பழைய சிறந்த லேப்பையே நிழல் காராக முன்னால் ஓடவிட்டு அதோடு போட்டி போடுங்கள். அடுத்தவனைத் துரத்தினால் கை பதறும்.

இது வெட்டி விளையாட்டு என்று பெற்றோர் நினைக்க வேண்டாம். 'கிரான் டூரிஸ்மோ' கேம் 1997-ல் வந்தது. அதில் நன்றாக ஆடுகிறவர்களை நிஜ ஓட்டுநர்களாக ஆக்க 2008-ல் நிசான் கம்பெனியும் சோனியும் ஒரு போட்டி தொடங்கின. அதில் முதலில் ஜெயித்த ஸ்பெயின் இளைஞர் லூகாஸ் ஓர்டோனியெஸ், 2011-ல் பிரான்ஸின் லெ மான்ஸ் 24 மணி நேரப் பந்தயத்தில் தன் பிரிவில் இரண்டாவதாக வந்த அணியில் ஓட்டினார்.

இனிமேல் சொல்வதுதான் முக்கியம். அடுத்த வருடத்துக்குள் நம் பசங்களில் நாலைந்து பேருக்குப் பதினெட்டு முடிந்து கையில் பைக் வந்துவிடும். இன்று காலை காரவள்ளியிலிருந்து சோளக்காடு வரை எழுபது கொண்டை ஊசி வளைவுகள் ஏறினோம். வேனில், "இதை எத்தனை நிமிஷத்தில் ஏறலாம்?" என்று ஒரு பேச்சு என் காதில் விழுந்தது.

கேமில் வளைவை எடுப்பது எப்படி? வெளி ஓரத்திலிருந்து உள் ஓரத்தைத் தொட்டு மறுபடி வெளி ஓரத்துக்கு; ரோட்டின் முழு அகலமும் நமக்கு. ரேஸ் டிராக்கில் எல்லா வண்டியும் ஒரே திசையில் போவதால் அது செல்லும். மலைப்பாதையில் அந்த அகலத்தில் பாதி எதிரே வருகிறவருடையது. அங்கே வருவது பஸ்ஸாகவும் இருக்கலாம், பலாப்பழம் ஏற்றிய வண்டியாகவும் இருக்கலாம். இங்கே மறுபடி ஆரம்பிக்கப் பட்டன் கிடையாது.

கேமிலிருந்து மலைக்கு எடுத்து வரவேண்டியது ஒன்றே ஒன்று: வளைவுக்கு முன்பே வேகத்தைக் குறைப்பது. மற்றவை மலைக்கே உரிய பாடங்கள். ஏறி வருகிற வண்டிக்கு இறங்குகிறவர் வழிவிட வேண்டும், அது விதி. ஏறிய கியரிலேயே இறங்குங்கள். பிரேக்கை மட்டும் நம்பி அழுத்திக்கொண்டே வந்தால் அது சூடேறிப் பிடிக்காமல் போகும். வளைவு தெரியாத இடத்தில் ஹாரன் அடியுங்கள். பைக்கைச் சாய்த்த நிலையில் முன் பிரேக்கை இறுக்கிப் பிடிக்காதீர்கள்.

வேகம் வேண்டுமா? அதற்கென்று இடம் இருக்கிறது. ஸ்ரீபெரும்புதூர் பக்கம் இருங்காட்டுக்கோட்டையிலும், கோவையில் கரி மோட்டார் ஸ்பீட்வேயிலும் முறையான டிராக் இருக்கிறது. 2005-ல் ஃபார்முலா ஒன் பந்தயத்தில் ஓட்டிய முதல் இந்தியர் நரேன் கார்த்திகேயன் நம் கோவைக்காரர்தான். ஆசைப்படுகிற பிள்ளைகளைப் பெற்றோர் திட்டாமல் ஒரு முறை அங்கே அழைத்துப் போய்க் காட்டுங்கள்.

நாளை மறுநாள் இறங்கும்போது, பசங்களே, ஒரு வேலை தருகிறேன். டிரைவர் ஒவ்வொரு வளைவுக்கும் முன்னால் எந்த இடத்தில் கியரைக் குறைக்கிறார் என்று கவனித்துக்கொண்டே வாருங்கள். அவரிடம் மட்டும் பேச்சுக் கொடுக்காதீர்கள். கீழே போனதும் கேட்பேன்.