ஒரே படத்தில் நடித்த ரோசி
(மகளிர் தின விழாவில் பேசியது)



நான் பத்தாவது வரைக்கும் படிச்சவ. இன்னிக்கு ஒரு சினிமா நடிகையைப் பத்திப் பேசப் போறேன். அவர் நடிச்சது ஒரே ஒரு படம். பேரு பி.கே.ரோசி.

திருவனந்தபுரத்தில் புலையர் சமூகத்தில் பிறந்தவர். புல் அறுத்துப் பிழைத்த ஏழைப் பெண். காக்காரிசி நாடகத்தில் நடிக்கப் பழகியவர். பொண்ணுங்க மேடை ஏறினாலே தப்பாப் பேசின காலம் அது. அகஸ்தீஸ்வரத்தைச் சேர்ந்த ஜே.சி.டேனியல் என்பவர் தன் சொத்தை விற்று 'விகதகுமாரன்' என்ற படத்தை எடுத்தார். அதுதான் மலையாளத்தின் முதல் படம். பேச்சு இல்லாத ஊமைப்படம். அதில் ரோசிதான் கதாநாயகி. நாயர் வீட்டுப் பெண்ணாக நடித்தார்.

திருவனந்தபுரம் கேபிடல் தியேட்டரில் படம் ஓடியது. கீழ்ச்சாதிப் பொண்ணு நாயர் பெண்ணா நடிக்கலாமான்னு சிலருக்கு ஆத்திரம். திரையில் கல் எறிந்தார்கள். அவர் குடிசைக்கும் தீ வைத்தார்கள். ரோசி ஒரு லாரியில் ஏறித் தப்பி நாகர்கோவில் பக்கம் வந்து, அந்த லாரி டிரைவரையே கல்யாணம் செய்துகொண்டு, ராஜம்மாள் என்ற பேரில் வாழ்ந்ததாகச் சொல்றாங்க. அப்புறம் அவர் நடிக்கவே இல்லை. அந்தப் படச்சுருளும் இன்னிக்கு இல்லை.

டேனியல் பெயரில் கேரள அரசு 1992 முதல் விருது கொடுக்குது. ரோசியை ஊர் உலகம் நினைக்க ரொம்ப நாளாச்சு. 2013-ல் 'செல்லுலாய்ட்' படத்தில் அவர் கதையும் வந்தது. 2023 பிப்ரவரி 10-ம் தேதி கூகுள் தன் முகப்பில் அவர் படத்தைப் போட்டது.

இதை ஏன் இங்க சொல்றேன்னா, அவர்கிட்ட திறமை இருந்தது, உழைப்பு இருந்தது. கூட நிக்க நாலு பேர் இல்லை. நமக்குக் குழு இருக்கு. பாஸ்புத்தகத்தில் நம்ம பேர் இருக்கு, தீர்மானப் புத்தகத்தில் நம்ம கையெழுத்து இருக்கு. இன்னார் சம்சாரம், இன்னார் அம்மான்னு இருந்த நம்மளைப் பேர் சொல்லிக் கூப்பிடுறாங்க.

ஆனா ஒண்ணு கேக்குறேன், யாரும் கோவிச்சுக்காதீங்க. ஒரே பாயில உக்காந்து சேமிப்புக் கட்டுறோம். கூட்டத்தை எல்லார் வீட்டுலயும் முறை வெச்சு நடத்துறோமா? காலனி வீட்டுல நடந்தா எல்லாரும் வர்றோமா? குடுக்கிற டீயைக் குடிக்கிறோமா? அது நடந்தாத்தான் இது குழு. இல்லேன்னா வெறும் வட்டிக்கணக்கு.

அடுத்த மாசக் கூட்டத்துல ஒவ்வொரு குழுவும் இதைத் தீர்மானமா எழுதணும்னு கேட்டுக்கிறேன். நம்ம ஊர்ல எந்த ரோசியும் ராத்திரியில லாரி ஏறக் கூடாது.