நடவுக்கு வந்த புதியவர்கள்

ஊராட்சி மன்ற உறுப்பினர்களே, உழவர் பெருமக்களே!

மேற்கு வங்காளம், பீகார் முதலிய மாநிலங்களிலிருந்து தொழிலாளர் குழுவாக வந்து, ஏக்கருக்கு இவ்வளவு என்று பேசிக்கொண்டு, தஞ்சை, திருவாரூர் வயல்களில் நாற்று நடுவதை அண்மை ஆண்டுகளில் காண்கிறோம். மொழி தெரியாதவர்களால் ஊர் மாறிவிடுமே என்று சிலர் கவலையுறுகின்றனர். மராட்டிய மன்னர் மரபு 1855 வரை நீடித்த மண் இது; நாகப்பட்டினத்தில் கப்பலேறிப் பினாங்குக்குப் பிழைக்கச் சென்றவர்களும் நம்மவரே. மொழி ஒரு பொருட்டன்று.

கூலிதான் வழக்கு. கீழ்வெண்மணிப் பகுதியில் 1968இல் கூலி உயர்வு கேட்டவர்களுக்கு மாற்றாக வெளியூர் ஆட்களை அறுவடைக்கு இறக்கினர், பகை முற்றியது. டிசம்பர் 25 இரவு 44 பேர் தீயில் மாண்டனர். இறக்கப்பட்ட ஆட்களும் தமிழ் பேசியவர்களே! மறு ஆண்டு நியாயக் கூலிச் சட்டம் வந்தது.

இன்று நடவு நட்டுப் பிழைக்கும் நம் பெண்களுக்கு வேலைநாள் குறைகிறது. ஆயினும் அவர்களுக்கு வாக்குண்டு. கிராம சபையில் கேட்கலாம். நடவு முடிந்ததும் திரும்பிவிடும் வெளிமாநிலத்தார் பெயரோ நம் வாக்காளர் பட்டியலில் இராது. தரகர் பிடித்துக்கொள்ளும் தொகையை அவர்கள் யாரிடம் முறையிடுவர்?

ஆதலின் நாற்றுப் பறிக்குமுன்பே நிலமுடையாரையும் நடவுப் பெண்களையும் ஒருங்கே அழைத்துக் கூலியைப் பேசி முடியுங்கள். அதே கூலி வந்தவர்களுக்கும் கையில் சேரட்டும். குறைந்த கூலிக்கு ஆள் கிடைக்கும் என்ற ஆசையே பூசலுக்கு வித்து. அவர்கள் தங்கப் பழைய களத்துக் கொட்டகை போதாது. குடிநீரும் கழிப்பிடமும் வேண்டும். பிற மாநிலக் குடும்ப அட்டைக்கும் 2020 அக்டோபர் முதல் இங்கே அரிசி பெறலாம் என்பதையும் அவர்களுக்குத் தெரிவியுங்கள்.