பாட்டில் தீர்ந்த வழக்கு



இரண்டு பேருக்குள் தீராத பகை. கோர்ட் கிடையாது, கத்தியும் வேண்டாம். ஆளுக்கொரு பாட்டோடு வந்து ஊர் நடுவில் நின்றார்கள். கிரீன்லாந்தில் இன்யூட் மக்கள் வழக்குத் தீர்த்துக்கொண்ட முறை இது.

கையில் ஒரு சின்ன மேளம். மரச் சட்டம், ஒரு கைப்பிடி, மேலே துருவக்கரடியின் வயிற்றுச் சவ்வு. அடிப்பது தோலில் அல்ல. சட்டத்தின் விளிம்பை அடியிலிருந்து குச்சியால் தட்டுவார்கள். முழங்காலை மடக்கி ஆடியபடியே ஒருவர் எதிராளியின் குற்றங்களைப் பாட்டிலேயே கட்டி விளாசுவார். கேட்பவர் முகம் சுளிக்காமல் நிற்க வேண்டும். எனக்குப் பெரிதாகப் படுவது அந்தப் பொறுமைதான்! ஊர் சிரிக்கும். அடுத்து அவர் முறை. யார் பாட்டுக்கு அதிகம் சிரித்தார்களோ அவர் பக்கம் தீர்ப்பு. கிழக்குக் கிரீன்லாந்தில் சில வழக்குகள் ஆண்டுக்கணக்கில் ஓடியதும் உண்டு.

1721-க்குப் பிறகு வந்த பாதிரிமார்கள் இதை ஒடுக்கினார்கள். ஆனாலும் மேளம் பிழைத்தது. 2021-இல் யுனெஸ்கோ பண்பாட்டு மரபுப் பட்டியலில் இந்த மேள ஆட்டத்தையும் பாட்டையும் சேர்த்தது.

நாடுகளுக்கிடையே இப்படிப் பாட்டால் பகை தீருமா? 2008 பிப்ரவரியில் நியூயார்க் பில்ஹார்மோனிக் குழு வடகொரியத் தலைநகர் பியாங்யாங் போய் வாசித்தது. அமெரிக்காவுக்கும் வடகொரியாவுக்கும் இடையிலான அணு ஆயுதச் சிக்கல் தீரவில்லை. ஆனால் கடைசியில் கொரியர்களின் 'அரிராங்' பாட்டை வாசித்து முடித்ததும், அரங்கிலிருந்தவர்கள் கையசைத்தார்கள். மேடையில் இருந்த அமெரிக்கக் கலைஞர்களும் பதிலுக்குக் கையசைத்தார்கள். சிலர் கண்களில் நீர்.