கெடு குடும்பத்துக்கு மட்டும்தானா?

கணவரைப் பறிகொடுத்துவிட்டு இந்தப் பந்தலின் முன்வரிசையில் உட்கார்ந்திருக்கும் சகோதரிகளே!

பணியில் இருக்கும்போது இறந்த அரசு ஊழியரின் குடும்பத்தில் ஒருவருக்கு வேலை என்பது நேற்று முளைத்த சலுகை அல்ல. 1972 பிப்ரவரி 15 அன்று வந்த தமிழ்நாடு அரசாணை எண் 225-லேயே அது இருக்கிறது. 2023-ல் கருணை அடிப்படை நியமனத்துக்கென்று தனி விதிகளும் வந்துவிட்டன. ஆணைக்குப் பஞ்சமில்லை, விதிக்குப் பஞ்சமில்லை, வேலைக்குத்தான் பஞ்சம்.

இறந்த நாளிலிருந்து 3 ஆண்டுக்குள் விண்ணப்பிக்க வேண்டும். தாண்டினால் நிராகரிப்பு. தகப்பன் சாகும்போது மகளுக்கு 10 வயது என்றால், கெடு முடியும்போது அவளுக்கு 13. அலுவலக உதவியாளர் வேலைக்கே எட்டாம் வகுப்புத் தேறியிருக்க வேண்டும். தாய் அதுவரை படிக்காதவள் என்றால் அந்த வீட்டில் யார் விண்ணப்பிப்பது? குழந்தை வளரும்வரை காத்திருக்க முடியாது என்கிறது அரசு. சரி, காலம் முக்கியம்தான். அந்தக் காலம் அரசுக்கு ஏன் முக்கியமில்லை? குடும்பத்துக்குக் கெடு வைத்தவர்கள், விண்ணப்பத்தை வாங்கிக்கொண்டவர்களுக்கு என்ன கெடு வைத்தார்கள்?

கோப்பு எப்படி நகர்கிறது என்று உங்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை. வாரிசுச் சான்று, வறிய நிலைச் சான்று, மறுமணம் செய்யவில்லை என்ற சான்று, மற்ற வாரிசுகளின் ஆட்சேபணையின்மைக் கடிதம். அத்தனையும் வந்த பிறகு, பணிப்பதிவேட்டில் ‘முத்துலட்சுமி’, ரேஷன் கார்டில் ‘முத்துலெட்சுமி’ என்று ஒரு குறிப்பு எழுதிக் கோப்பைத் திருப்பி அனுப்புவார்கள். அந்த ஒற்றைக் கொம்புக்காக அவள் மறுபடி தாசில்தார் அலுவலகப் படி ஏற வேண்டும். அதற்குள் வறிய நிலைச் சான்று பழசாகிவிட்டது, புதிதாக வாங்கி வா என்பார்கள். தோழர்களே, அந்தக் குறிப்பை எழுதுவது யார்? கோட்டையில் இருக்கும் மந்திரியா? இறந்தவரோடு ஒரே மேசையில் சாப்பிட்ட நம் ஆள்! இந்த மேடையில் நின்று அரசைக் கேள்வி கேட்கும் நாம், நம் பிரிவில் தூங்கும் கோப்பையும் கேட்டாக வேண்டும்.

நீதிமன்றத்துக்குப் போகலாமே என்பார்கள். எல்லைச் சாலை அமைப்பில் வேலை பார்த்த ஒருவர் 1982-ல் இறந்தார். மனைவி எழுத்தர் தேர்வில் தேறியும், பெண்ணுக்கு இங்கே இடமில்லை என்று கைவிரித்தார்கள். 1989-ல் உச்ச நீதிமன்றம் கண்டித்தது: இந்த நியமனத்தில் தாமதமே கூடாது, இடம் இல்லையென்றால் கூடுதல் பணியிடத்தை உருவாக்கிக் கொடு என்றது. அந்தத் தீர்ப்பைக் கையில் வைத்துக்கொண்டு எத்தனை அதிகாரி வேலை கொடுத்தார்? 1994-ல் ஹரியானா வழக்கில் வந்த தீர்ப்பை மட்டும் எல்லோரும் மனப்பாடம் செய்து வைத்திருக்கிறார்கள். இது உரிமை அல்ல, திடீர் நெருக்கடியைக் கடப்பதற்கான உதவி மட்டுமே என்பது அந்தத் தீர்ப்பு. 2023-ல் மேற்கு வங்க நகராட்சி ஊழியர்களின் வாரிசுகள் வழக்கில் என்ன ஆனது? அதிகாரிகள் விரைந்து முடிவெடுக்க வேண்டும் என்று நீதிமன்றம் சொன்னது. ஆனால் இத்தனை ஆண்டு ஓடிவிட்டதால் அவசரம் போய்விட்டது, வேலை இல்லை என்றும் சொன்னது.

கவனியுங்கள். கோப்பை இழுத்தடித்தது அலுவலகம். தண்டனை குடும்பத்துக்கு! கடன் வாங்கி, தாலியை விற்று, மகனைப் படிப்பிலிருந்து நிறுத்தி மூட்டை தூக்க அனுப்பி உயிரோடு இருந்துவிட்டார்கள் என்பதற்காக, ‘பிழைத்துக்கொண்டார்கள், வேலை தேவையில்லை’ என்று எழுதுவதா? இதைவிடக் கொடிய வாதம் எந்தக் கோப்பிலும் இல்லை.

இந்த லட்சணத்தில், கருணை அடிப்படையில் நிரப்பும் காலியிடங்களுக்கு 25 சதவீதமாக இருந்த உச்சவரம்பை 5 சதவீதமாக வெட்டினார்கள். வருவாய்த் துறைத் தோழர்கள் அதை எதிர்த்துத் தெருவில் இறங்கினார்கள். மத்திய அரசிலும் 5 தானே என்கிறார்கள். அங்கே இருக்கும் கெட்டதை எடுத்துக்கொள்ள மட்டும் ஏன் இத்தனை வேகம்? 2003 ஏப்ரல் 1 முதல் சேர்ந்தவர்களுக்குப் பழைய ஓய்வூதியமும் இல்லை என்று ஆக்கினார்கள். ஒரு கையால் ஓய்வூதியத்தை எடுத்தவர்கள், இன்னொரு கையால் இதையும் எடுக்கிறார்கள்.

குரூப் 4 தேர்வுக்கு இரவு பகலாகப் படிக்கும் பிள்ளைகளின் இடத்தை நாம் பறிக்கிறோம் என்று ஒரு பேச்சு கிளம்பியிருக்கிறது. நேர்மையான கேள்வி, நேர்மையாகவே பதில் சொல்கிறேன். அந்தப் பிள்ளை நமக்குப் பகை இல்லை. ஓய்வு பெற்றவரின் நாற்காலியை நிரப்பாமல் போட்டு வைப்பதும், வெளிமுகமையில் அத்தக்கூலிக்கு ஆள் பிடிப்பதும்தான் அந்தப் பிள்ளையின் வேலையைத் தின்றது. எல்லாக் காலியிடத்தையும் நிரப்பட்டும். தேர்வு எழுதியவனுக்கும் வேலை இருக்கும், தகப்பனை இழந்தவளுக்கும் வேலை இருக்கும்.

ஆகவே கேட்கிறோம்: உச்சவரம்பு மீண்டும் 25 ஆகட்டும். தாய் தகப்பன் இறந்தபோது சிறுவராக இருந்த பிள்ளைகளுக்கு, 18 வயது முடிந்த நாளிலிருந்து அந்த 3 ஆண்டைக் கணக்கிடட்டும். சான்றுகளைத் திரட்டும் பொறுப்பு இறந்தவர் வேலை பார்த்த அலுவலகத்துக்கே போகட்டும். விண்ணப்பம் வாங்கி 6 மாதத்தில் வேலை அல்லது காரணம் சொல்லும் ஆணை. இரண்டும் இல்லையென்றால் கோப்பை வைத்திருந்த அதிகாரி பதில் சொல்லட்டும்.

அரசு ஒப்புக்கொள்ளும்வரை கைகட்டி நிற்க வேண்டாம். இனி நம் ஊழியர் ஒருவர் இறந்தால், மாலை போட்டுவிட்டுத் திரும்பாதீர்கள். பதினாறாம் நாள் காரியம் முடிந்த மறுநாள், கிளைச் செயலாளர் விண்ணப்பப் படிவத்தோடு அந்த வீட்டுக்குப் போக வேண்டும். பூர்த்தி செய்து, கையெழுத்து வாங்கி, அலுவலகத்தில் கொடுத்து, தேதியிட்ட ஒப்புகைச் சீட்டை அந்தச் சகோதரியின் கையில் சேர்த்துவிட்டு, மாவட்டக் குழுவுக்குத் தகவல் சொல்லுங்கள்.