பழுது பார்ப்பவருக்கே பழுது வந்தால்

மாதத்தின் இரண்டாவது செவ்வாய்க்கிழமை, இந்திய நேரம் இரவு 10.30. அமெரிக்காவின் மேற்குக் கரையில் அப்போது காலை 10 மணி. விண்டோஸ் கணினிகளுக்கான அந்த மாதத் திருத்தங்களை மைக்ரோசாஃப்ட் நிறுவனம் வெளியிடும் நேரம் அது. அங்கே குளிர்காலத்துக்காகக் கடிகாரத்தைத் திருப்பி வைத்துவிட்டால் இங்கே 11.30 ஆகும். 2003 அக்டோபரில் தொடங்கிய வழக்கம் இது. மறுநாள் காலை கூட்டுறவு வங்கியிலும் பள்ளி அலுவலகத்திலும் ஜெராக்ஸ் கடையிலும் கணினியைப் போடுகிறவர்கள், சுற்றிக்கொண்டே இருக்கும் புள்ளிகளைப் பார்க்கிறார்கள். அப்டேட் நடக்கிறது, கணினியை அணைக்க வேண்டாம் என்கிறது திரை. வாசலில் ஆள் காத்து நிற்கிறார். சதவீதமோ முப்பதைத் தாண்ட மறுக்கிறது.

அந்தத் திரைக்குப் பின்னால் வேலை செய்பவை சில கோப்புகள். பெரும்பாலானவர்கள் அவற்றின் பெயரைக்கூடக் கேள்விப்பட்டிருக்க மாட்டார்கள். கணினியில் இருக்கும் மற்ற எல்லாவற்றையும் திருத்துவது அவற்றின் வேலை. சரி, அவற்றிலேயே கோளாறு இருந்தால் யார் திருத்துவது? விண்டோஸின் வரலாற்றில் இந்தக் கேள்வி ஒரு முறை அல்ல, பல முறை எழுந்திருக்கிறது. ஒவ்வொரு முறையும் கோடிக்கணக்கான கணினிகள் அதன் பதிலை நம்பி நின்றன.

முதலில் இந்தக் கோப்புகள் எப்படிப்பட்டவை என்று பார்க்கலாம். இவற்றுக்கு டிஎல்எல் என்று பெயர். ஊர்ப் பொதுவில் பெரிய அண்டாவும் குண்டானும் கரண்டிகளும் வைத்திருப்பார்கள். எந்த வீட்டில் விசேஷம் என்றாலும் அங்கிருந்து எடுத்துக்கொள்வார்கள். வீட்டுக்கு வீடு அண்டா வாங்குவதில்லை. டிஎல்எல் என்பது அந்தப் பொதுப் பாத்திரம். எழுத்தைத் திரையில் காட்டுவது, அச்சிடுவது, இணையத்தோடு பேசுவது போன்ற வேலைகளைச் செய்யும் நிரல்கள் இந்தக் கோப்புகளில் இருக்கும். எந்த மென்பொருளுக்குத் தேவையோ அது வந்து பயன்படுத்திக்கொள்ளும். இடமும் மிச்சம், நினைவகமும் மிச்சம்.

பொதுப் பாத்திரத்துக்கு உரிய தொல்லையும் இதில் உண்டு. 1990களில் ஒரு மென்பொருளை நிறுவினால், அது தன் வசதிக்காகப் பொது டிஎல்எல் ஒன்றை எடுத்துவிட்டு வேறு பதிப்பை வைத்துவிட்டுப் போகும். அதுவரை நன்றாக ஓடிக்கொண்டிருந்த இன்னொரு மென்பொருள் அன்றோடு நின்றுவிடும். நிரலாளர்கள் அதை டிஎல்எல் நரகம் என்றே அழைத்தார்கள். விண்டோஸ் 2000 வந்தபோதுதான் கணினியின் முக்கியக் கோப்புகளைக் கண்டவர்கள் மாற்ற முடியாதபடி காவல் போடப்பட்டது. பின்னர் வந்த விண்டோஸ் விஸ்டாவில் அந்தக் காவல் இன்னும் இறுகியது. கோப்புகளின் பல பதிப்புகளைச் சேர்த்து வைக்கும் கிடங்கும் அதில் பெரிதானது.

அப்டேட் முடிந்ததும் கணினி ஏன் ரீஸ்டார்ட் கேட்கிறது என்பதற்கும் விடை இங்கேதான் இருக்கிறது. அண்டாவில் சோறு கொதித்துக்கொண்டிருக்கும்போது அதன் அடியில் ஓட்டை அடைக்க முடியாது. ஒரு டிஎல்எல்லை ஏதாவது ஒரு நிரல் பயன்படுத்திக்கொண்டிருந்தால் அந்தக் கோப்பின் மேல் புதியதை எழுத விண்டோஸ் விடாது. எனவே புதியதைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு, எல்லாம் அணைந்து மறுபடி எழும் அந்தச் சில நொடிகளுக்காகக் காத்திருக்கிறது.

இனி அப்டேட் வேலையைச் செய்யும் கோப்புகளுக்கு வருவோம். தலைமைக் கோப்பின் பெயர் டபிள்யூயூஏயூஇஎன்ஜி டாட் டிஎல்எல். நீளமாகத் தெரிந்தாலும் விண்டோஸ் அப்டேட், ஆட்டோமேட்டிக் அப்டேட், எஞ்சின் ஆகிய சொற்களின் சுருக்கம்தான். மைக்ரோசாஃப்டின் சர்வரைத் தொடர்புகொள்வதும், எந்தெந்தத் திருத்தங்கள் இந்தக் கணினிக்குப் பொருந்தும் என்று கணக்குப் போடுவதும் இதன் பொறுப்பு. கோப்புகளை இறக்கும் வேலையைப் பிட்ஸ் என்ற இன்னொரு சேவையிடம் ஒப்படைத்துவிடும். பிட்ஸ் பொறுமைசாலி. நீங்கள் படம் பார்த்துக்கொண்டிருந்தால் ஒதுங்கி நிற்கும். இணைப்பு சும்மா இருக்கும்போது கொஞ்சம் கொஞ்சமாக இறக்கும். நடுவில் கரண்ட் போனாலும் விட்ட இடத்திலிருந்து தொடரும். இறங்கிய கோப்பில் மைக்ரோசாஃப்டின் டிஜிட்டல் முத்திரை சரியாக இருக்கிறதா என்று சோதித்த பிறகே நிறுவும் வேலை தொடங்கும்.

இவை தவிர டபிள்யூயூஏபிஐ என்று ஒரு கோப்பு உண்டு. மற்ற மென்பொருள்கள் அப்டேட் சேவையிடம் பேச வேண்டுமானால் இந்த வாசல் வழியாகத்தான் வர வேண்டும். டபிள்யூயூபிஎஸ், டபிள்யூயூபிஎஸ் 2 என்று இரண்டு சிறிய கோப்புகளும் உண்டு. ஒரு நிரல் சொல்வதை இன்னொரு நிரலிடம் கொண்டுசேர்க்கும் தூதர்கள் அவை. இதில் அந்த இரண்டாம் தூதரை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள்.

முதலில் வெளியிலிருந்து வந்த ஆபத்துகளைப் பார்க்கலாம். கணினிக்குக் கணினி தானாகவே தொற்றும் பிளாஸ்டர் என்ற புழு 2003இல் பரவியது. அதற்கான திருத்தத்தை மைக்ரோசாஃப்ட் ஜூலை 16 அன்றே வெளியிட்டிருந்தது. புழு தலைகாட்டியது ஆகஸ்ட் 11 அன்று. நடுவில் ஏறத்தாழ நான்கு வாரங்கள் இருந்தும் எண்ணற்ற கணினிகளில் அந்தத் திருத்தம் போய்ச் சேரவில்லை. புழு நுழைந்த கணினியில், அறுபது நொடியில் அணையப் போகிறது என்று ஒரு சிறு பெட்டி தோன்றி எண்ணத் தொடங்கும். புழுவை எழுதியவர் இன்னொரு ஏற்பாடும் செய்திருந்தார். ஆகஸ்ட் 16 அன்று, பிடிபட்ட கணினிகள் எல்லாம் ஒரே நேரத்தில் விண்டோஸ் அப்டேட் முகவரியை முற்றுகையிட வேண்டும் என்று அதில் எழுதி வைத்திருந்தார். மருந்துக் கடையையே மூடவைக்கும் திட்டம். நல்லவேளையாக, அவர் குறித்து வைத்திருந்த முகவரி அசல் இடத்துக்கு வழிகாட்டும் பெயர்ப்பலகையாக மட்டுமே இருந்தது. மைக்ரோசாஃப்ட் அந்தப் பெயர்ப்பலகையைக் கழற்றிவிட்டது; முற்றுகையிட வந்த கணினிகளுக்கு முற்றுகையிட ஒன்றும் இல்லை.

2008 நவம்பரில் வந்த கான்ஃபிக்கர் புழு இன்னும் நேரடியானது. கணினிக்குள் நுழைந்ததும் அப்டேட் சேவையையும் பிட்ஸையும் நிறுத்திவிட்டுத்தான் மற்ற வேலையைப் பார்த்தது. களவுக்கு வந்தவன் முதலில் நாயின் வாயைக் கட்டுவதுபோல.

இவையெல்லாம் வெளியிலிருந்து வந்த ஆபத்துகள். 2007இல் நடந்தது வேறு விதம். அந்த ஆண்டு ஆகஸ்ட் மாதத்தில், விண்டோஸ் எக்ஸ்பியும் விஸ்டாவும் ஓடிய கணினிகளில் அப்டேட் கோப்புகள் ஒன்பது ஓசையின்றி மாறின. எனக்குத் தெரிவித்தால் போதும், நான் சொன்ன பிறகு நிறுவலாம் என்று அமைத்து வைத்திருந்தவர்களின் கணினிகளிலும் மாறின. திரையில் ஒரு வரி அறிவிப்பும் வரவில்லை. செப்டம்பரில் விண்டோஸ் சீக்ரெட்ஸ் என்ற மின்மடல் இதை அம்பலப்படுத்தியது. தங்கள் கணினியில் தங்களைக் கேட்காமல் கை வைத்துவிட்டார்கள் என்று பலரும் கொதித்தார்கள்.

நிறுவனம் சொன்ன விளக்கத்தில் நியாயம் இருந்தது. அப்டேட் கோப்புகள் பழையனவாகவே இருந்துவிட்டால், அடுத்த மாதத் திருத்தம் வந்திருப்பதே அந்தக் கணினிக்குத் தெரியாமல் போய்விடும். உரிமையாளரோ எல்லாம் பத்திரமாக இருக்கிறது என்று நம்பிக்கொண்டிருப்பார். அப்டேட்டை அடியோடு அணைத்து வைத்தவர்களின் கணினிகளை இது தொடவும் இல்லை. ஆனாலும், தெரிவி என்று ஒருவர் கேட்டிருக்கும்போது தெரிவிக்காமல் செய்தது தவறு. அது நல்ல காரியம் என்பதற்காகத் தவறு இல்லாமல் போய்விடாது. நாங்கள் இன்னும் தெளிவாகச் சொல்லியிருக்க வேண்டும் என்பதை மைக்ரோசாஃப்டும் பின்னர் ஒப்புக்கொண்டது.

கதை அதோடு முடிந்திருந்தால் அது மரியாதை பற்றிய வழக்காக மட்டும் நின்றிருக்கும். அந்தச் செப்டம்பர் இறுதியில் இரண்டாவது சிக்கல் தெரியவந்தது. அந்தக் காலத்தில் எக்ஸ்பி படுத்துவிட்டால் சர்வீஸ் செய்பவர்கள் சிடியைப் போட்டு ரிப்பேர் இன்ஸ்டால் செய்வார்கள். உரிமையாளரின் படங்களும் கடிதங்களும் அப்படியே இருக்கும். விண்டோஸின் கோப்புகள் மட்டும் சிடியில் உள்ள பழைய பதிப்புக்குத் திரும்பும். எந்தக் கோப்புக்கு என்ன பொறுப்பு என்று எழுதி வைத்திருக்கும் ரெஜிஸ்ட்ரி பதிவேடும் பழைய நிலைக்குப் போகும். இப்போது அந்த இரண்டாம் தூதரை, டபிள்யூயூபிஎஸ் 2 கோப்பை நினைத்துப் பாருங்கள். எக்ஸ்பி சிடி தயாரான காலத்தில் அந்தக் கோப்பே கிடையாது. பிற்பாடு வந்து சேர்ந்தது. அதனால் ரிப்பேர் முடிந்த பிறகு கோப்பு டிஸ்க்கில் இருந்தது, பதிவேட்டில் அதன் பெயர் இல்லை. வேலைக்கு ஆள் வந்து உட்கார்ந்திருக்கிறார், வருகைப் பதிவேட்டில் அவர் பெயரையே காணோம். அப்படி ஒரு நிலை.

விளைவு என்ன? ரிப்பேர் செய்த கணினிக்கு எண்பது வரையிலான திருத்தங்கள் வரிசையில் வந்தன. இறங்கின. ஒன்றும் நிறுவப்படவில்லை. பார்த்துச் சரிசெய்யத் தெரிந்தவருக்குத் தீர்வு இரண்டே நிமிட வேலை: அப்டேட் சேவையை நிறுத்து, அந்தக் கோப்பைப் பதிவேட்டில் மீண்டும் பதிவு செய், சேவையைத் தொடங்கு. தெரியாதவரின் கணினி திருத்தமே இல்லாமல் இணையத்தில் நின்றது. எதற்கு அறிவிப்பு வேண்டும் என்று கேட்பவர்களுக்கு இந்த நிகழ்ச்சி பதில் சொல்கிறது. ஆகஸ்டில் என்ன மாறியது என்று தெரிந்திருந்தால், செப்டம்பரில் எங்கே தேட வேண்டும் என்று தெரிந்திருக்கும்.

2012 மே மாதம் வெளிவந்த ஃபிளேம் விவகாரம் பாதுகாப்பு வல்லுநர்களைத் தூங்கவிடவில்லை. ஈரானிலும் மேற்கு ஆசியாவின் பிற நாடுகளிலும் கணினிகளை உளவு பார்த்த மென்பொருள் அது. ரஷ்யாவின் காஸ்பர்ஸ்கி ஆய்வகம், ஹங்கேரியின் கிரைசிஸ் ஆய்வகம், ஈரானின் கணினிப் பாதுகாப்பு மையம் ஆகியவை அதைப் பற்றி எழுதின. ஓர் அலுவலகத்தில் ஒரு கணினியைப் பிடித்துவிட்டால், வெளியுலகுக்குப் போக நான்தான் வழி என்று அது பக்கத்துக் கணினிகளிடம் சொல்லிக்கொள்ளும். அவை அப்டேட் கேட்கும்போது தன்னையே அப்டேட்டாகக் கொடுக்கும். அதில் மைக்ரோசாஃப்டின் முத்திரை இருந்தது. சோதிக்கும் கோப்புகள் சோதித்தன, சரி என்றன, உள்ளே விட்டன.

போலி முத்திரை எப்படிக் கிடைத்தது? எம்டி5 என்ற பழைய கணித முறையை மைக்ரோசாஃப்டின் உரிமம் வழங்கும் சேவை ஒன்று அப்போதும் பயன்படுத்திக்கொண்டிருந்தது. அந்த முறை நம்பத்தக்கதல்ல என்று சீனக் கணிதவியலாளர்கள் 2004இலேயே காட்டியிருந்தார்கள். எட்டு ஆண்டுகள் அந்த ஓட்டை அடைபடாமல் கிடந்தது. ஜூன் 3 அன்று மைக்ரோசாஃப்ட் அந்த முத்திரைக்கு ஆதாரமான சான்றிதழ்களை இனி நம்ப வேண்டாம் என்று எல்லா விண்டோஸ் கணினிகளுக்கும் ஆணை அனுப்பியது. அதே மாதத்தில் அப்டேட் கோப்புகளும் மாற்றப்பட்டன. அப்டேட்டுக்கென்றே உள்ள தனி முத்திரையைத் தவிர வேறெதையும் அவை இனி ஏற்காது. எந்த வழியாகத் திருடன் வந்தானோ அந்த வழியாகத்தான் புதுப் பூட்டையும் அனுப்ப வேண்டியிருந்தது.

எக்ஸ்பியின் கடைசி மாதங்கள் இன்னொரு பாடம். 2013 இறுதியில் பழைய கணினிகளைப் போட்டாலே மின்விசிறி இரையும். அரை மணி, ஒரு மணி நேரத்துக்கு மௌஸ்கூட நகராது. காரணம் வைரஸ் அல்ல, தலைமைக் கோப்பு போட்ட கணக்கு. ஒவ்வொரு திருத்தமும் தனக்கு முந்தைய எந்தத் திருத்தத்துக்குப் பதிலாக வந்தது என்று ஒரு பட்டியல் உண்டு. இன்டர்நெட் எக்ஸ்புளோரருக்கு ஆண்டுக்கணக்கில் திருத்தங்கள் குவிந்து அந்தச் சங்கிலி நீண்டுவிட்டது. சங்கிலியில் ஒரு கண்ணி கூடினால் கணக்கின் வேலை இரட்டிப்பாகும். சதுரங்கக் கட்டத்தில் நெல்மணி வைத்த கதைதான். 2014 ஜனவரியில் பழைய கண்ணிகளைப் பட்டியலிலிருந்து நீக்கிய பிறகே கணினிகள் மூச்சுவிட்டன. அந்த ஏப்ரல் 8 அன்று எக்ஸ்பிக்கான ஆதரவே முடிந்தது.

விண்டோஸ் 7 இன்னும் ஓடும் இடங்களில் இன்றும் ஒரு புதிர் வரும். புதிதாக நிறுவினால் அப்டேட் வேலை செய்யாது. 2019இல் மைக்ரோசாஃப்ட் தன் முத்திரையை ஷா-2 என்ற வலுவான முறைக்கு மாற்றியது. பழைய டிவிடியிலிருந்து ஏறிய விண்டோஸ் 7க்கு அந்த முத்திரையைப் படிக்கத் தெரியாது. படிக்கக் கற்றுக்கொடுக்கும் இரண்டு திருத்தங்களைத் தனியே இறக்கி, பென்டிரைவில் கொண்டுவந்து கையால் நிறுவ வேண்டும். எண்கள் 4490628, 4474419. சர்வீஸ் கடைக்காரர்கள் குறித்து வைத்துக்கொள்ளலாம்.

டிஎல்எல் கோப்பு காணவில்லை என்று திரை சொன்னால், பெயரைத் தேடி முதலில் வரும் ஏதோ ஓர் இணையதளத்திலிருந்து அந்தக் கோப்பை இறக்கிப் போடுவது பலருக்குப் பழக்கம். தயவுசெய்து செய்ய வேண்டாம். அந்தக் கோப்பைத் தந்தவர் யார், உள்ளே என்ன சேர்த்தார் என்று தெரியாது. விண்டோஸிலேயே எஸ்எஃப்சி என்று ஒரு கருவி இருக்கிறது. கமாண்ட் பிராம்ப்டை அட்மினிஸ்ட்ரேட்டராகத் திறந்து, எஸ்எஃப்சி என்று எழுதி, ஓர் இடைவெளி விட்டு, ஒரு சாய்கோடு போட்டு, ஸ்கேன்நவ் என்று தட்டினால் போதும். சேதமான கோப்புகளைத் தன் கிடங்கில் உள்ள அசலோடு ஒப்பிட்டு மாற்றிவிடும்.

இன்றே செய்யக்கூடிய வேலை ஒன்று இருக்கிறது. செட்டிங்ஸைத் திறந்து விண்டோஸ் அப்டேட் பக்கத்துக்குப் போனால், அப்டேட் ஹிஸ்டரி என்ற பட்டியல் இருக்கும். அதில் கடைசியாக வெற்றிகரமாக ஏறிய திருத்தத்தின் தேதியைப் பாருங்கள். விண்டோஸ் 10 என்றால், இலவசத் திருத்தங்கள் 2025 அக்டோபர் 14 செவ்வாயோடு முடிந்துவிட்டன. கூடுதல் பாதுகாப்புத் திட்டத்தில் சேராத கணினியில் அதற்குப் பிந்திய மாதாந்தரத் திருத்தம் எதுவும் இருக்காது. விண்டோஸ் 11 என்றால், அந்தத் தேதி கடந்த இரண்டாவது செவ்வாயை ஒட்டி இருக்க வேண்டும். பல மாதங்களுக்கு முந்தையதாக இருந்து, திரையிலும் எந்தப் பிழைச் செய்தியும் வரவில்லை என்றால், அந்தக் கணினியை இந்த வாரமே தெரிந்த ஒருவரிடம் காட்டுங்கள்.