உடைந்த பாஷை என்று ஒன்று உண்டா?

(ஜவ்வாது மலை ஜமுனாமரத்தூரில் மலைவாழ் இளைஞர்களுக்காக நடந்த வகுப்பில் ஆற்றிய உரை)



இன்றைய வகுப்புக்குப் பாஷை என்று தலைப்பு வைத்ததைக் கேட்டுச் சிலர் முகம் சுளித்தார்கள். வன உரிமைப் பட்டாவும் கூலியும் பேச வேண்டிய இடத்தில் பாஷையைப் பற்றிப் பேச்சு எதற்கு என்பது அவர்கள் கேள்வி. நியாயமான கேள்விதான். ஆனால் இந்த மலையிலிருந்து இறங்கிப் போளூருக்கும் ஆலங்காயத்துக்கும் திருப்பத்தூருக்கும் படிக்கப் போகிற நம் பிள்ளைகளைக் கேட்டுப் பாருங்கள். பிள்ளை வாயைத் திறந்ததும் வகுப்பு சிரிக்கிறது. "மலைப் பாஷை பேசாதே, ஒழுங்காகப் பேசு" என்கிறார்கள். இரண்டு முறை சிரித்தால் மூன்றாவது முறை பிள்ளை வாயே திறப்பதில்லை. வாய் திறக்காத பிள்ளை வாத்தியார் கண்ணுக்கு மக்குப் பிள்ளை. பிறகு ஒருநாள் மூட்டையைக் கட்டிக்கொண்டு மலையேறி வந்துவிடுகிறது. அடுத்த வருஷம் மேஸ்திரி வந்து அதன் கையில் முன்பணத்தைத் திணிக்கிறான். 2015-ம் ஆண்டு ஏப்ரல் 7-ந் தேதி சேஷாசலம் காட்டில் ஆந்திரப் போலீஸ் சுட்டுக் கொன்ற 20 பேர், தமிழ்நாட்டிலிருந்து மரம் வெட்டக் கூட்டிச் செல்லப்பட்ட ஏழைகள் என்பதை நாம் மறந்துவிடவில்லை. ஆகவே பாஷைக்கும் கூலிக்கும் சம்பந்தம் இல்லை என்று யாரும் சொல்ல வேண்டாம்.

நம் பேச்சைவிட நூறு மடங்கு அதிகமாகப் பரிகசிக்கப்பட்ட பாஷைகள் உலகத்தில் உண்டு. அவற்றுக்குக் கிரியோல் என்று பெயர். போர்த்துகீசியப் பாஷையில் 'வளர்ப்பது' என்ற பொருள் தருகிற சொல்லிலிருந்து பிறந்த பெயர் அது. எஜமானனின் தோட்டத்திலேயே பிறந்து வளர்ந்த அடிமை என்று பொருள். அடிமைக்கு வைத்த பெயர் பின்னால் அவன் பேசிய பாஷைக்கும் ஒட்டிக்கொண்டது.

அந்தப் பாஷை எப்படிப் பிறக்கிறது? ஒருவர் பேச்சு ஒருவருக்குப் புரியாத ஜனங்களை ஓரிடத்தில் தள்ளி வேலை வாங்குகிறான் முதலாளி. வெட்டு, தூக்கு, தண்ணீர், சாப்பாடு என்று முதலாளியின் பாஷையிலிருந்து கொஞ்சம் சொற்களை எல்லோரும் பிடித்துக்கொள்கிறார்கள். வேலைக்கு மட்டும் உதவுகிற இந்த அரைகுறைப் பேச்சைப் பிட்ஜின் என்பார்கள். திருப்பூர் பனியன் கம்பெனிக்குப் போய் வந்த தோழர்கள் இங்கே இருக்கிறார்கள். ஒடிசாவிலிருந்தும் பீகாரிலிருந்தும் வந்த தொழிலாளியிடம் நீங்கள் நாலு இந்திச் சொல்லும் ஆறு தமிழ்ச் சொல்லும் கைஜாடையும் சேர்த்துப் பேசினீர்கள் அல்லவா? அதுதான் முதல் படி. ஆனால் அது அங்கேயே நின்றுவிடுகிறது. ஏனென்றால் சீசன் முடிந்ததும் அவன் ஊருக்கு அவன் போகிறான், நம் ஊருக்கு நாம் வருகிறோம். வீட்டில் அவரவர் பாஷை காத்திருக்கிறது. திரும்பிப் போக வழியே இல்லை, அங்கேயே குடும்பம், அங்கேயே பிள்ளை, பிள்ளை காதில் விழுவது அந்தப் பேச்சுதான் என்று வைத்துக்கொள்ளுங்கள். அப்போது அந்தப் பேச்சு ஒரு முழுப் பாஷையாகிறது. அதில் சண்டை போடலாம், தாலாட்டுப் பாடலாம், சட்டம் பேசலாம். அதுதான் கிரியோல்.

நமக்கு மிகவும் நெருக்கமான உதாரணம் மொரீஷியஸ் தீவு. 1721-ம் ஆண்டில் பிரெஞ்சுக்காரர்கள் அங்கே குடியேற்றம் தொடங்கினார்கள். மடகாஸ்கரிலிருந்தும் ஆப்பிரிக்காவின் கிழக்குக் கரையிலிருந்தும் அடிமைகளைக் கொண்டுவந்து குவித்தார்கள். புதுச்சேரியிலிருந்தும் கொண்டு போனார்கள். அடிமைகளாகவும், கொத்தர்களாகவும் தச்சர்களாகவும் தமிழர்கள் அங்கே போய்ச் சேர்ந்தது வெள்ளைக்காரன் சென்னையில் கூலிக் கப்பல் ஏற்றுவதற்கு நூறு வருஷம் முன்பே. 1810-ல் தீவு பிரிட்டிஷார் கைக்கு மாறியது. 1835-ல் அடிமை முறையை ஒழித்தார்கள். ஒழித்ததற்கு நஷ்டஈடு யாருக்குக் கிடைத்தது தெரியுமா? அடிமைகளை வைத்திருந்த முதலாளிகளுக்கு! 20 லட்சம் பவுனுக்கு மேல். அடிமைக்கு ஒரு காசும் இல்லை. அந்த இடத்தை நிரப்ப 1834 முதலே இந்தியாவிலிருந்து ஒப்பந்தக் கூலிகள் போனார்கள், மொத்தம் சுமார் 4,50,000 பேர். அதில் தமிழர்கள் கணிசமானவர்கள். அவர்கள் போய் இறங்கியபோது தீவின் பாஷை கிரியோலாக உருவாகிவிட்டிருந்தது. அவர்களும் அதைக் கற்றுக்கொண்டு, தங்கள் சமையலறைச் சொற்களையும் அதில் சேர்த்தார்கள். கறிவேப்பிலைக்கு அங்கே 'காரிபூலே' என்றும் முருங்கைக்கீரைக்கு 'ப்ரேத் மூரூம்' என்றும் பெயர்.

துரைமார்கள் இதைக் கெட்டுப்போன பிரெஞ்சு என்றார்கள். அடிமைக்குப் பிரெஞ்சு நாக்கில் வரவில்லை, அதனால் உடைத்துப் பேசுகிறான் என்றார்கள். சரி, உடைந்ததா என்று பார்த்துவிடுவோம்.

'மான்ஸே' என்றால் சாப்பிடு. 'மோ' என்றால் நான். 'மோ மான்ஸே' என்றால் நான் சாப்பிடுவது வழக்கம். 'மோ தி மான்ஸே' - சாப்பிட்டேன். 'மோ பே மான்ஸே' - சாப்பிட்டுக்கொண்டிருக்கிறேன். 'மோ பூ மான்ஸே' - சாப்பிடுவேன். இரண்டைச் சேர்த்து 'மோ தி பே மான்ஸே' என்றால் சாப்பிட்டுக்கொண்டிருந்தேன். 'தி'யும் 'பே'யும் சேர்ந்து வரும்போது 'தி'தான் முதலில் வர வேண்டும். இடம் மாற்றினால் தப்பு. பிரெஞ்சில் நான், நீ, அவர்கள் என்று ஆளுக்கு ஆள் வினையின் வால் மாறும், நம் தமிழைப் போல. கிரியோலில் அந்தத் தொல்லை இல்லை. காலத்தைக் காட்டும் சிறு சொல் வினைக்கு முன்னால் வந்து நிற்கிறது, அவ்வளவுதான்.

இன்னொன்று கேளுங்கள். சோற்றுக்கும் அரிசிக்கும் 'திரி' என்று பெயர். நான் சோறு சாப்பிடுகிறேன் என்பதை 'மோ மான்ஸே திரி' என்று சொல்லக் கூடாது. 'மோ மான்ஸ் திரி' என்று சொல்ல வேண்டும். சாப்பிடுகிற பொருள் பின்னால் வந்தால் வினை குறுகிவிடும், வராவிட்டால் நீளமாக நிற்கும். போர்ட் லூயியில் தெருவில் ஓடும் ஐந்து வயதுப் பிள்ளை இதில் தவறு செய்வதில்லை. பிரெஞ்சு துரைக்கு இந்த விதி கிடையாது. உடைந்த சட்டியில் இல்லாத புது வளையம் எங்கிருந்து வந்தது? யாரும் பள்ளிக்கூடம் வைத்துச் சொல்லித்தரவில்லை. கரும்புத் தோட்டத்துக் குடிசைகளில் அந்த ஜனங்களே செய்துகொண்டார்கள்.

இலங்கைத் தேயிலைத் தோட்டத்திலும் மலேயா ரப்பர் தோட்டத்திலும் நம் ஜனங்கள் படாத பாடா? அங்கே ஏன் இப்படிப் புதுப் பாஷை பிறக்கவில்லை? காரணம், கங்காணி. தன் ஊர் ஆட்களையே கூட்டமாகக் கூட்டிக்கொண்டு போனான். லயத்துக்கு லயம் தமிழர்கள். பக்கத்தில் பேச ஆள் இருந்தவரை தமிழ் தங்கியது. எந்தப் பாஷை வாழும், எது புதிதாகப் பிறக்கும் என்பது ஆட்களை எப்படிப் பிடித்தார்கள், எப்படிக் குடிவைத்தார்கள் என்பதைப் பொறுத்தது.

கிரியோலின் இலக்கணம் எங்கிருந்து வந்தது என்பதில் அறிஞர்களுக்குள் பெரிய சண்டை இருக்கிறது. பிக்கர்ட்டன் என்பவர் 1981-ல் ஒரு புத்தகம் போட்டு, எல்லாம் குழந்தைகளின் வேலை, மனித மூளையிலேயே இலக்கணத்தின் அச்சு இருக்கிறது என்றார். வேறு சிலர் மாலுமிகளும் ஏழை வெள்ளையர்களும் பேசிய கொச்சை பிரெஞ்சுதான் மூலம் என்கிறார்கள். தொழிலாளிகளின் தாய்மொழியே உள்ளே இருந்து வேலை செய்தது என்பது மூன்றாவது கட்சி. குழந்தைகளுக்குப் பங்கு உண்டு என்பதில் நமக்குச் சந்தேகமில்லை. நிகரகுவாவில் 1979 புரட்சிக்குப் பிறகு காது கேளாத பிள்ளைகளுக்கான பள்ளிகள் விரிவடைந்தன. அங்கே கூடிய பிள்ளைகள் தங்களுக்குள் ஒரு முழு ஜாடை மொழியையே உண்டாக்கிவிட்டார்கள். ஆனாலும் மூன்றாவது கட்சியின் பக்கம் வலுவான சாட்சிகள் இருக்கின்றன. இரண்டைச் சொல்கிறோம்.

பசிபிக் தீவுகளில் டோக் பிசின் என்று ஒரு பாஷை. 1863 முதல் 1904 வரை ஆஸ்திரேலியாவின் குயின்ஸ்லாந்துக் கரும்புத் தோட்டங்களுக்குச் சுமார் 62,000 தீவுவாசிகளைக் கொண்டுபோனார்கள். சமோவாத் தோட்டங்களுக்கும் கொண்டுபோனார்கள். அந்தத் தோட்டப் பேச்சிலிருந்து வளர்ந்ததுதான் இது. சொல் பெரும்பாலும் இங்கிலீஷ். இங்கிலீஷில் 'வீ' என்ற ஒரே சொல்தான். நமக்கு அப்படி இல்லை. உங்களையும் சேர்த்துச் சொன்னால் 'நாம்', உங்களை விட்டுச் சொன்னால் 'நாங்கள்'. அந்தத் தீவுகளின் பாஷைகளிலும் இந்த வித்தியாசம் உண்டு. அவர்கள் என்ன செய்தார்கள்? இங்கிலீஷ் 'யூ'வையும் 'மீ'யையும் ஒட்டி 'யூமி' என்றார்கள் - நாம். 'மீ'யோடு 'பெலா' சேர்த்து 'மிபெலா' என்றார்கள் - நாங்கள். துரையின் பாஷையில் இல்லாததை துரையின் சொல்லைக் கொண்டே செய்துகொண்டார்கள்! இன்று அது பப்புவா நியூகினி நாட்டின் ஆட்சி மொழிகளில் ஒன்று.

இரண்டாவது சாட்சி நம் பக்கத்திலேயே இருக்கிறது. இலங்கை மட்டக்களப்பில் பறங்கியர்கள் பேசும் போர்த்துகீசியக் கிரியோல். போர்த்துகீசியர் இலங்கைக்கு வந்தது 1505-ல். 1658-ல் டச்சுக்காரன் அவர்களை விரட்டிவிட்டான். பாஷை மட்டும் தங்கியது, தமிழர்களுக்கு நடுவே. போர்த்துகீசியத்தில் 'பாரா' என்ற சொல் பெயருக்கு முன்னால் நிற்கும். மட்டக்களப்பில் அது சுருங்கி 'ப' ஆகி, நம் 'கு' உருபைப் போலப் பெயருக்குப் பின்னால் போய் ஒட்டிக்கொண்டது. வினை வாக்கியத்தின் கடைசிக்கு வந்துவிட்டது. சொல் லிஸ்பனுடையது, நடை நம்முடையது. கொச்சியிலும் ஒரு போர்த்துகீசியக் கிரியோல் இருந்தது. கிரியோல்களைச் சாஸ்திர ரீதியாக ஆராய ஆரம்பித்த ஷூகார்ட் என்ற பேராசிரியர் 1880-களிலேயே அதைப் பற்றி எழுதினார். அதைப் பேசிய கடைசி மனிதர் 2010-ல் வைப்பின் தீவில் காலமானார்.

படித்த தோழர்கள் இங்கே ஒரு கேள்வி கேட்கலாம். 1950-ல் ஸ்டாலின் மொழியியல் பற்றி எழுதியபோது, இரண்டு மொழிகள் மோதினால் மூன்றாவது மொழி பிறப்பதில்லை, ஒன்று ஜெயிக்கிறது, அதன் இலக்கணமும் அடிப்படைச் சொற்களும் நிற்கின்றன என்று சொன்னாரே? ரஷ்ய மொழிக்கு அது பொருந்தும். தோட்டத்துக்குப் பொருந்தவில்லை. மொரீஷியஸில் பிரெஞ்சுச் சொல் ஜெயித்தது, பிரெஞ்சு இலக்கணம் ஜெயிக்கவில்லை. உண்மை எங்கே நிற்கிறதோ அங்கேதான் நாமும் நிற்க வேண்டும்.

இந்தப் பாஷைகளுக்கு மரியாதை சும்மா வரவில்லை. ஹெய்ட்டியில் 1791-ல் அடிமைகள் கிளர்ந்தெழுந்து 1804-ல் சுதந்திர நாடே அமைத்தார்கள். ஆனால் அந்த ஜனங்களின் கிரியோல் பிரெஞ்சுக்குச் சமமாக ஆட்சி மொழியானது 1987-ம் ஆண்டு அரசியல் சட்டத்தில்தான். மொரீஷியஸ் 1968-ல் விடுதலை பெற்றது. அடுத்த ஆண்டே எம்.எம்.எம். கட்சியைத் தொடங்கியவர்களில் ஒருவரான தேவ் வீராசாமி, சிறைக்கும் போனார், கிரியோலில் நாடகங்களும் எழுதினார். 1970-களிலிருந்தே தொழிலாளர் கல்வி இயக்கத்தார் அதில் எழுத்தறிவு வகுப்புகள் நடத்தினார்கள். பள்ளியில் அது விருப்பப் பாடமாக வந்தது 2012-ல்.

அங்கே உள்ள தமிழர்கள் வீட்டில் பேசுவது பெரும்பாலும் கிரியோல்தான். ஆனால் 1998-ல் புதிய ரூபாய் நோட்டில் தமிழ் எழுத்தை இந்திக்குப் பின்னால் தள்ளியபோது கிளர்ச்சி செய்து, நோட்டையே வாபஸ் வாங்க வைத்தார்கள். இதில் முரண் இருப்பதாக நமக்குத் தோன்றவில்லை. பாட்டன் பாஷைக்கும் மதிப்பு வேண்டும், வாய்ப் பாஷைக்கும் மதிப்பு வேண்டும்.

தப்பாக எடுத்துக்கொள்ள வேண்டாம். நம் மலைப் பேச்சு கிரியோல் அல்ல. அது தமிழ். நம்மை மலையாளி என்பது மலையில் வாழ்வதால். காஞ்சிபுரத்திலிருந்து வந்தோம் என்று நம் பெரியவர்கள் கதை சொல்கிறார்கள். பல பாஷைக்காரர்களை அடித்துக் கலந்து பிறந்த பேச்சே விதியோடு நிற்கிறதென்றால், தலைமுறை தலைமுறையாகத் தாயிடம் கற்ற பேச்சை உடைந்தது என்று சொல்ல எவனுக்கு என்ன ஆதாரம்? பரீட்சைக்குப் புத்தகத் தமிழை நம் பிள்ளைகள் நன்றாகப் படிக்கட்டும், அது வேண்டும். வாத்தியார் அதைச் சொல்லித்தரட்டும், சிரிக்க வேண்டாம். இதைப் பெற்றோர் கூட்டத்தில் நேருக்கு நேர் கேளுங்கள், நாலு பேராகப் போய்க் கேளுங்கள்.

இன்னொரு வேலையும் இருக்கிறது. ஊருக்கு ஒரு நோட்டுப் புத்தகம் தருகிறோம். சாமை, வரகு, தேன், மரம், மழை, நோய், உறவுமுறை இவற்றுக்கு நம் கிழவிகள் சொல்கிற சொற்களை எழுதி வாருங்கள். கீழ்நாட்டுச் சொல்லாக மாற்றாமல், அவர்கள் வாயில் வருகிறபடியே எழுத வேண்டும். யார் சொன்னது, எந்த ஊர் என்பதையும் பக்கத்தில் குறியுங்கள். அடுத்த வகுப்பில் அவற்றை ஒன்றாக வைத்து வாசிப்போம்.