இ.எம்.ஐ. எவ்வளவுன்னு தெரியும், கடன் எப்போ முடியும்னு தெரியுமா?

இன்னைக்கு எபிசோட் கொஞ்சம் கணக்கு, கொஞ்சம் குடும்பக் கதை. ஆரம்பிக்கறதுக்கு முன்னாடி ஒரு கேள்வி. வீட்டுக்கடன் வாங்கியிருக்கற யாரைக் கேட்டாலும் இ.எம்.ஐ. எவ்வளவுன்னு தூக்கத்துல கூடச் சொல்லுவாங்க. ஆனா "இன்னும் எத்தனை மாசம் பாக்கி?"ன்னு கேட்டுப் பாருங்க. பாதிப் பேர் முழிப்பாங்க. எங்க அக்காவும் முழிச்சா.

2025 ஜனவரி. ஊரப்பாக்கம் தாண்டி ஒரு அப்பார்ட்மென்ட் பார்க்க அம்மாவோட போயிருந்தேன். "மாசம் 18,000 வாடகை தண்டமாப் போகுது, அதையே இ.எம்.ஐ.யாக் கட்டுடா"ங்கறது ரெண்டு வருஷமா அம்மாவோட பல்லவி. சேல்ஸ் ஆபீஸ்ல ஏ.சி. ரூம்ல உட்கார வச்சு ஜூஸ் குடுத்தாங்க. அந்த அண்ணன் கால்குலேட்டர்கூட எடுக்கல. "லட்சத்துக்கு 868 ரூபாதான் சார். 55 லட்சம் லோன், 20 வருஷம், 8.5 பர்சென்ட். மாசம் 47,730. உங்க சம்பளத்துக்கு ஈஸி"ன்னார்.

நானும் மண்டையை ஆட்டிட்டு வந்துட்டேன். அன்னைக்கு ராத்திரி சும்மா 240 மாசத்தால பெருக்கிப் பார்த்தேன். 1 கோடியே 14 லட்சத்து 55 ஆயிரம். கடன் 55 லட்சம், அதுக்கு மேல வட்டி மட்டும் 59 லட்சத்துக்கும் மேல. சரி, எல்லாரும் கட்டறதுதானேன்னு அக்காவுக்கு ஃபோன் போட்டு, "உன் லோன் ஸ்டேட்மென்ட் அனுப்பு, ஒரு நிஜக் கணக்கைப் பார்த்துக்கறேன்"னு கேட்டேன்.

அந்த பி.டி.எஃப். வந்தப்போதான் கதையே மாறிச்சு.

ரெண்டு ரூபாய் குறைஞ்ச கதை

அக்காவும் மாமாவும் கடன் வாங்கினது 2021 அக்டோபர்ல. 50 லட்சம், 20 வருஷம், 7 சதவீதம், ஃப்ளோட்டிங் வட்டி. இ.எம்.ஐ. 38,765. நவம்பர்ல முதல் தவணை, 2041 அக்டோபர்ல கடைசித் தவணை. அதுதான் ப்ளான்.

இங்க ஒரு விஷயத்தைப் புரிஞ்சுக்கணும். 2019 அக்டோபர்ல இருந்து வங்கிகள் கொடுக்கிற புது ஃப்ளோட்டிங் வீட்டுக்கடன்களை வெளியில் இருக்கும் ஒரு அளவுகோலோட இணைக்கணும்னு ரிசர்வ் வங்கி சொல்லிடுச்சு. பெரும்பாலான வங்கிகள் எடுத்துக்கிட்டது ரெப்போ வட்டி. ரெப்போ ஏறினா உங்க வட்டியும் ஏறும், இறங்கினா இறங்கும். அக்கா வாங்கினப்போ ரெப்போ 4 சதவீதம். அதுக்கு மேல வங்கி தன் பங்குக்கு 3 சதவீதம் வச்சது. இதுக்குப் பேர் ஸ்ப்ரெட். மொத்தம் 7.

2022 மே மாசத்துல இருந்து 2023 பிப்ரவரிக்குள்ள ரெப்போ ஆறு தடவை ஏறிச்சு. 4-ல இருந்து 6.5. அக்காவோட வட்டி 7-ல இருந்து 9.5 ஆயிடுச்சு.

இப்போ வங்கி ரெண்டுல ஒண்ணு பண்ணலாம். இ.எம்.ஐ.யை ஏத்தலாம், இல்ல கடன் காலத்தை நீட்டலாம். இ.எம்.ஐ.யை ஏத்தினா கஸ்டமருக்கு உடனே வலிக்கும், ஃபோன் பண்ணிக் கத்துவாங்க. காலத்தை நீட்டினா சத்தமே வராது. அதனால முதல்ல காலத்தைத்தான் நீட்டினாங்க. ஒவ்வொரு தடவையும் ஒரு எஸ்.எம்.எஸ். வந்திருக்கு. ஓ.டி.பி.க்கும் பீட்சா ஆஃபருக்கும் நடுவுல அதை யார் படிக்கறா?

நான் அந்த ஸ்டேட்மென்ட்டை வச்சு ஒரு சின்ன புரோகிராம் எழுதினேன். 20 வரிதான். பாக்கி பூஜ்யம் ஆகறவரைக்கும் மாசாமாசம் வட்டியைக் கூட்டு, இ.எம்.ஐ.யைக் கழி. 38,765-ஐ மாத்தவே மாத்தாம ஓட விட்டேன். நிக்கவே இல்ல. கோட்ல தப்புன்னு நினைச்சு அரை மணி நேரம் தேடினேன். கோட்ல தப்பே இல்லைங்க! 2023 மார்ச்ல பாக்கி சுமார் 48 லட்சத்து 97 ஆயிரம். அதுக்கு 9.5 சதவீதத்துல ஒரு மாச வட்டி 38,767 ரூபாய். இ.எம்.ஐ. 38,765. ரெண்டு ரூபாய் குறையுது. அதாவது வாழ்நாள் முழுக்கக் கட்டினாலும் அந்தக் கடன் முடியாது. என் தொழில்ல இதுக்குப் பேர் இன்ஃபினிட் லூப்.

அந்த இடத்துலதான் வங்கி இ.எம்.ஐ.யையும் தொட்டிருக்கு. காலத்தை அதிகபட்சமான 30 வருஷத்துக்கு இழுத்துட்டு, இ.எம்.ஐ.யை 41,546 ஆக்கிட்டாங்க. வீட்ல தெரிஞ்சது அந்த 2,781 ரூபாய் ஏத்தம் மட்டும்தான். "வட்டி ஏறிடுச்சாம், பரவாயில்ல, சமாளிச்சுக்கலாம்"னு மாமா சொல்லியிருக்கார். 2041-ல முடிய வேண்டிய கடன் 2051-க்குப் போயிடுச்சுன்னு யாருமே பார்க்கல.

2051-ல மாமாவுக்கு 66 வயசு. பாப்பாவுக்கு 34.

15 லட்சம் கட்டி, ஒண்ணே முக்கால் லட்சம்கூடக் குறையல

அடுத்ததா நான் பார்த்த நம்பரை அக்காகிட்ட சொல்லவே தயங்கினேன். 2025 ஜனவரி வரைக்கும் 39 தவணை கட்டியிருந்தாங்க. ஒரு மாசம்கூடத் தவறல. மொத்தம் 15 லட்சத்து 73 ஆயிரம். அதுல அசல் குறைஞ்சது 1 லட்சத்து 70 ஆயிரம். மீதி 14 லட்சத்து 3 ஆயிரம் வட்டி.

அக்கா கொஞ்ச நேரம் பேசல. அப்புறம், "அப்போ மூணு வருஷமா நாங்க என்னடா பண்ணிட்டிருந்தோம்?"னு கேட்டா. எனக்குப் பதில் தெரியல. மாமா அமைதியா பால்கனிக்குப் போயிட்டார்.

வட்டி ஏறாம இருந்திருந்தாலும் இந்தக் கணக்கு முன்பக்கம் கனமாத்தான் இருக்கும். 50 லட்சம், 7 சதவீதம், 20 வருஷம்னா முதல் மாச இ.எம்.ஐ. 38,765-ல 29,167 வட்டி. அசலுக்குப் போறது 9,598 மட்டும். 20 வருஷத்துல பாதி 10 வருஷம், அப்போ பாதிக் கடன் முடிஞ்சிருக்கும்னு நாம நினைக்கறோம். கிடையாது. அசல்ல பாதி அடையறதுக்கே 13 வருஷம் 3 மாசம் ஆகும்.

வாடகை தண்டம்னு சொல்றாங்களே, அதுக்கும் இதுதான் பதில். வீட்டு ஓனருக்கு வாடகை கொடுக்கறதை நிறுத்திட்டு வங்கியோட பணத்துக்கு வாடகை கொடுக்க ஆரம்பிக்கறோம். அந்த வாடகைக்குப் பேர் வட்டி. அதுக்காக வீடு வாங்கறது தப்புன்னு நான் சொல்லவே இல்ல. அக்கா வீட்ல பாப்பா சுவர் முழுக்கக் கிறுக்கி வச்சிருக்கா, யாரும் அட்வான்ஸ்ல பிடிக்க மாட்டாங்க. அந்த நிம்மதிக்கு விலை உண்டு. ஆனா அந்த விலை எவ்வளவுன்னு தெரிஞ்சு கொடுக்கணும்.

யாரும் பெருக்கிச் சொல்லாத மத்த கணக்குகள்

ஒண்ணு, காலம். 2023-ல வங்கி நீட்டினபோது அக்கா பழைய 20 வருஷத்தையே கேட்டிருந்தா இ.எம்.ஐ. 46,838 ஆகியிருக்கும். அதாவது மாசம் 5,292 கூடுதல். 9.5 சதவீதம் அப்படியே நீடிக்கும்னு வச்சா, அந்த வழியில மொத்தம் கட்டறது சுமார் 1 கோடியே 11 லட்சம். நீட்டின வழியில சுமார் 1 கோடியே 49 லட்சம். வித்தியாசம் 38 லட்சம்.

ரெண்டு, ஸ்ப்ரெட். அதே ஜனவரியில எனக்குச் சொன்ன வட்டி 8.5, அக்கா கட்டினது 9.5. ரெப்போ ரெண்டு பேருக்கும் ஒண்ணுதான். புது கஸ்டமரைப் பிடிக்க ஸ்ப்ரெட்டைக் குறைச்சிருக்காங்க. பழைய கஸ்டமர் கேட்டால் ஒழிய யாரும் கூப்பிட்டுக் குறைக்கறது இல்ல.

மூணு, இன்சூரன்ஸ். கடனோட சேர்த்தே ஒரு பாலிசி பிரீமியத்தையும் லோன்ல ஏத்திடுவாங்க. 1.5 லட்சம் பிரீமியத்தை 7 சதவீதத்துல 20 வருஷம் கட்டினா அது 2 லட்சத்து 79 ஆயிரம். இன்சூரன்ஸ் கண்டிப்பா வேணும். ஆனா தனியா ஒரு டேர்ம் பாலிசி என்ன விலைன்னு பார்த்துட்டு முடிவு பண்ணுங்க.

நாலு, வரிச்சலுகை. பழைய வரிமுறையில, நாம குடியிருக்கற வீட்டுக்கடன் வட்டிக்கு வருஷம் 2 லட்சம் வரைக்கும்தான் கழிவு. அக்கா ஒரு வருஷத்துல கட்டற வட்டி நாலரை லட்சத்துக்கும் மேல. புதிய வரிமுறையில, குடியிருக்கற வீட்டுக்கு அந்தக் கழிவே கிடையாது. "டாக்ஸ் மிச்சமாகும்"னு சொல்லி விக்கறவங்ககிட்ட எந்த வரிமுறைன்னு திருப்பிக் கேளுங்க.

அக்கா என்ன பண்ணினா

ரிசர்வ் வங்கி 2023 ஆகஸ்ட்ல ஒரு உத்தரவு போட்டிருக்கு. வட்டி மாறும்போது இ.எம்.ஐ.யை ஏத்தறதா, காலத்தை நீட்டறதா, ரெண்டையும் கலந்து பண்றதான்னு தேர்ந்தெடுக்கிற உரிமையைக் கடன் வாங்கினவருக்கு வங்கி கொடுக்க வேண்டும். காலத்தை நீட்டியதால் வட்டிகூட அடையாத நிலை வரக் கூடாது. இதுவரை எவ்வளவு அசல், எவ்வளவு வட்டி, இன்னும் எத்தனை தவணை பாக்கின்னு ஒவ்வொரு காலாண்டும் விவரம் கொடுக்க வேண்டும். ஏற்கனவே இருந்த கடன்களுக்கும் இது பொருந்தும். தனிநபர் ஃப்ளோட்டிங் வீட்டுக்கடன்ல முன்கூட்டியே அடைக்கறதுக்கு வங்கிகள் அபராதம் வாங்கக் கூடாதுன்னு 2012-லயே சொல்லிட்டாங்க.

ஒரு சனிக்கிழமை மூணு பேரும் கிளைக்குப் போனோம். முதல்ல, "இ.எம்.ஐ.யை ஏத்தணுமா? எல்லாரும் குறைக்கத்தான் கேட்பாங்க"ன்னு அங்க இருந்தவர் ஆச்சரியமாப் பார்த்தார். எழுதிக் கொடுத்தோம். காரை மாத்தற ப்ளானைத் தள்ளிப் போட்டு மாமா இ.எம்.ஐ.யை 50,000 ஆக்கினார். மாசம் 8,454 கூடுதல். 9.5 சதவீதத்துலயே 321 மாசப் பாக்கி 184 மாசமாக் குறைஞ்சது. பதினொண்ணு வருஷத்துக்கும் மேல! ஒரு சின்னக் கட்டணம் கட்டி ஸ்ப்ரெட்லயும் அரை சதவீதம் குறைச்சாங்க.

அதுக்கப்புறம் அதிர்ஷ்டமும் கொஞ்சம் கை கொடுத்துச்சு. 2025-ல ரெப்போ நாலு தடவை இறங்கி 5.25-க்கு வந்துச்சு. வட்டி இறங்கினப்போ அக்கா இ.எம்.ஐ.யைக் குறைக்கல, 50,000-த்துலயே விட்டுட்டா. இதே வட்டி நீடிச்சா 2037 கடைசியிலயோ 2038 ஆரம்பத்துலயோ கடன் முடியும்.

ஒரு நேர்மையான குறிப்பு. 2051-ல 41,546 ரூபாய்க்கு இன்னைக்கு இருக்கற மதிப்பு இருக்காது. அதனால "இத்தனை லட்சம் மிச்சம்"ங்கறது பேப்பர் கணக்கு, அதை அப்படியே நம்பாதீங்க. ஆனா 9.5 சதவீதக் கடனை அடைக்கறது, வரியும் ரிஸ்க்கும் இல்லாம 9.5 சதவீத வருமானம் வர்ற மாதிரி. அதுக்காகக் கையில இருக்கற எல்லாத்தையும் கடன்ல கொட்டிடாதீங்க. ஆறு மாசச் செலவுக்குப் பணம் தனியா இருக்கட்டும். அவசரத்துக்குச் சமையலறையை மட்டும் வித்து ஆஸ்பத்திரி பில் கட்ட முடியாது.

நான் என்ன பண்ணினேன்

ஊரப்பாக்கம் ஃப்ளாட்டை வேண்டாம்னு சொல்லிட்டேன். அம்மாவுக்கு வருத்தம்தான். நான் எனக்கு வச்சுக்கிட்ட விதி ஒண்ணு. சேல்ஸ் ஆபீஸ்ல சொல்ற இ.எம்.ஐ.யோட 20 சதவீதத்தைச் சேர்த்துப் பார்ப்பேன். ஏன்னா அக்காவுக்கு வந்த மாதிரி வட்டி ரெண்டரை சதவீதம் ஏறினா, காலத்தை நீட்டாம சமாளிக்க ஏறக்குறைய அவ்வளவு தேவைப்படும். அதைக் கட்ட முடியலைன்னா அந்த வீடு என் பட்ஜெட் இல்ல. அந்தக் கணக்குப்படி எனக்கு 55 லட்சம் கடன் சரிவராது, 40 சரிவரும். இப்போ அந்த அளவுக்குள்ள பழைய ஃப்ளாட் தேடிட்டிருக்கேன். வட்டி ஏறாத மாசங்கள்ல அந்த 20 சதவீதம் அசலுக்குப் போகும். 50 லட்சம், 7 சதவீதக் கடன்ல மாசம் 5,000 மட்டும் கூடுதலாக் கட்டினாலே 20 வருஷம் 15 வருஷம் 9 மாசமா ஆயிடும்.

ஏற்கனவே கடன்ல இருக்கறவங்களுக்கு ஒரே ஒரு வீட்டுப்பாடம். இன்னைக்கு ராத்திரி வங்கி ஆப்பைத் திறங்க. இ.எம்.ஐ.யைப் பார்க்காதீங்க, அது உங்களுக்குத் தெரியும். பாக்கித் தவணை எத்தனைன்னு பாருங்க. கடன் வாங்கினப்போ கொடுத்த சாங்ஷன் லெட்டரை எடுத்து, அந்தக் கணக்குப்படி எத்தனை இருக்கணுமோ அதோட ஒப்பிட்டுப் பாருங்க. ரெண்டும் ஒண்ணா இருந்தா நிம்மதியாத் தூங்குங்க. இல்லைன்னா திங்கட்கிழமை அரை நாள் லீவு போடுங்க.

அம்மா அப்பா பேர்ல கடன் இருந்தா அதையும் பார்த்துக் கொடுங்க. அவங்க கேட்க மாட்டாங்க. மாமாவும் கேட்கல.

அடுத்த எபிசோட்ல சந்திப்போம்.